ஒன்பதாம் அத்தியாயத்தில் ஒரு தமிழன் அழுதான்

தமிழ் ஆண் அழலாமா கூடாதா என்ற கேள்வி ஜொகூர் மாநிலத்துச் செடெனாக் ஊரில் அதுவரை யாருக்கும் எழுந்ததில்லை. ஆண்கள் அழாமல் இருந்தார்கள். அழுதவர்கள் சளி என்று சொல்லிவிட்டு மூக்கைச் சிந்தினார்கள். ஊர் நன்றாகத்தான் ஓடிக்கொண்டிருந்தது. சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி என்பார்களே, அந்த ஆண்டியின் வேலையைத் தென்முனைத் தமிழிலக்கியப் பாதுகாப்புப் பேரவை செய்தது.

பேரவையைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் அதற்குக் கோபம் வரும். பக்கத்து ஊரான கூலாயில் ஐயாசாமி என்பவரின் டைல்ஸ் கடைக்கு மேல்மாடியில் அது கூடும். தமிழிலக்கியத்தை யாரிடமிருந்து பாதுகாக்கிறது என்று இதுவரை எவரும் கேட்டதில்லை. ஐயாசாமிதான் தலைவர். அவருக்குச் 'செந்தமிழ்ச் சிம்மம்' என்ற பட்டம் உண்டு. அவருடைய தலைமையில் கூடிய கூட்டம், அவர் அடக்கத்தோடு மறுத்தும் கேளாமல், அவருக்கே வழங்கியது. செயலாளர் மதிவாணன் இன்சூரன்ஸ் விற்பவர். விதி எழுதுவதில் மன்னர்.

பேரவையின் இலக்கியப் பணி நூல் வெளியீடு. அதில் நூல் ஒரு சின்ன விஷயம்தான், பொன்னாடைதான் பெரிய விஷயம். ஒரு பிரமுகரை மேடைக்கு அழைப்பார்கள், பொன்னாடை போர்த்துவார்கள், படம் எடுப்பார்கள். அவர் இறங்கித் திரைக்குப் பின்னால் போய் ஆடையைக் கழற்றிக் கொடுப்பார். அதை உதறி மடித்துத் தட்டில் வைத்தால் அடுத்த கழுத்துக்குத் தயார். இப்படி ஒவ்வொரு பொன்னாடையும் ஒரே மாலையில் பல கழுத்துகளைக் கண்டு, வேர்வையில் ஊறி, இலக்கியத்துக்குத் தொண்டாற்றும். ஊதா நிறத்தில் தங்கச் சரிகை போட்ட ஒன்று மட்டும் சுற்றுக்கு வராது. அது தலைவருக்கு. கடைசியில், எல்லோரும் பார்க்க, அவர் தோளில் விழும்.

இந்தப் பேரவையின் வாயில் போய் விழுந்தது வசந்தனின் குடும்பம்.

செடெனாக்கில் குடியிருக்கும் வசந்தன் சிங்கப்பூரில் ஒரு கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறான். விடியுமுன் மோட்டார் சைக்கிளை எடுத்தால் ஜொகூரையும் சிங்கப்பூரையும் இணைக்கும் பாலத்து ஜாமில் ஆயிரம் மோட்டார்களுக்கு நடுவே ஊர்ந்து, வேலை முடிந்து இருட்டில் திரும்புவான். அவன் மனைவி ரூபினி செனாயில் ஒரு தொழிற்சாலையில் சூப்பர்வைசர். அவள் காதல் நாவல் எழுதுகிறவள். முதலில் ஹென்ட்போனில் எழுதினாள். தொழிற்சாலை பஸ்ஸில் வரும் பெண்கள் வாரா வாரம் அத்தியாயத்துக்குக் காத்துக்கிடந்தார்கள். அவள் கதாநாயகிகள் குண்டாக இருப்பார்கள், கறுப்பாக இருப்பார்கள், ஒருத்தி விவாகரத்து ஆனவள், ஒருத்தி சீனத்தி பெற்ற தமிழச்சி. கதாநாயகர்கள் அதற்கு மேல். ஒருவனுக்கு இடி என்றால் பயம். ஒருவன் "எனக்குத் தனியா சாப்பிடப் பிடிக்கல, கொஞ்சம் உட்காரேன்" என்று வெட்கமில்லாமல் கேட்பான்.

'அடுத்த லேனில் நீ' என்ற அவளுடைய புதிய நாவல் அச்சாகி வந்திருந்தது. பெட்டி பெட்டியாக வரவேற்பறையில் அடுக்கியிருந்தது. வசந்தன் அந்தப் பெட்டிமேல்தான் ஹெல்மெட்டை வைப்பான்.

"படிச்சீங்களா?" என்று ரூபினி கேட்டாள்.

"படிச்சேன், படிச்சேன். நல்லா இருக்கு."

படிக்கவில்லை. இந்த ஒரு பொய்தான் எல்லாவற்றுக்கும் வேர்.

பேரவையே வேண்டாம், பாசார் மாலாம் இரவுச் சந்தையில் ஒரு மேசை போட்டு விற்கலாம் என்றான் வசந்தன். அவள் கேட்கவில்லை. "ஹென்ட்போன்ல எழுதுறவன்னுதான் என்னச் சொல்றாங்க. ஒரு தடவ, ஒரே ஒரு தடவ, மேடையில மைக்ல 'எழுத்தாளர் ரூபினி'ன்னு கூப்பிடணும்ங்க. அது போதும் எனக்கு." அவள் அப்படி ஒன்றைக் கேட்டு அவன் பார்த்ததில்லை. கல்யாணத்துக்குக்கூட நகை கேட்காதவள்.

ஆக, நாவல் பேரவைக்குப் போனது. பேரவை வீட்டுக்கு வந்தது.

ஒரு ஞாயிற்றுக்கிழமை ஐயாசாமியும் மதிவாணனும் 'மெய்ம்மை ஆய்வுக் குழு' என்ற பெயரில் வந்து உட்கார்ந்தார்கள். முதலில் வடையின் மெய்ம்மையை ஆராய்ந்து தட்டைக் காலி செய்தார்கள். பிறகு மதிவாணன் தொண்டையைக் கனைத்தார்.

"தங்கச்சி, உங்க ஒன்பதாவது அத்தியாயத்துல ஒரு பிரச்சினை இருக்கு. ஒரு தமிழன் அழுவுறான்."

"ஆமாங்க சார், அழுவுறான்."

"எங்க கதாநாயக நெறிமுறைப்படி தமிழன் மூணு விஷயத்துக்குத்தான் அழலாம். தாய், தாய்மொழி, தாய்நாடு."

"புள்ளைக்கு அழலாமா சார்?"

மதிவாணன் நெறிமுறைக் கோப்பைப் புரட்டினார். "புள்ள பட்டம் வாங்குனா ஆனந்தக் கண்ணீர் உண்டு. ஒரு கண்ணுல மட்டும்."

ஐயாசாமி கையை உயர்த்தினார். "நான் சொல்றேன் கேளும்மா. சிங்கம் அழுமா? எங்க கடை டைல்ஸுல ஒரு சொட்டுத் தண்ணி நிக்காது. இத்தாலி மாடல், இப்ப தள்ளுபடியும் இருக்கு. டைல்ஸுலயே தண்ணி நிக்கலன்னா தமிழன் கண்ணுல நிக்கலாமா?"

வசந்தன் தலையாட்டி வைத்தான். குளியலறைக்கு டைல்ஸ் மாற்ற வேண்டும் என்பதுதான் ஞாபகம் வந்தது.

"நீங்களே கேளுங்க வசந்தன்," என்று மதிவாணன் அத்தியாயத்தை உரக்கப் படிக்க ஆரம்பித்தார்.

மனைவியை இழந்த ஒருவன். இரண்டு வயது மகள். அவள் எழுவதற்குள் அவன் வேலைக்குப் போய்விடுவான், அவன் வருவதற்குள் அவள் தூங்கிவிடுவாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவன் வீட்டில் இருக்க, குழந்தை பாட்டியின் கைலிக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு "யாரோ அங்கிள்" என்கிறது. அவன் சிரிக்கிறான். மறுநாள் பாலத்து ஜாமில் ஹெல்மெட் கண்ணாடியை இறக்கிவிட்டு உள்ளே அழுகிறான். பக்கத்து லேனில் பஸ் ஓட்டும் தேன்மொழி, ஹாரன் சத்தம் தாங்காமல் காதுமெஷினைக் கழற்றி வைத்திருந்தவள், சத்தமே இல்லாத உலகத்தில் ஒருவனின் தோள் குலுங்குவதைப் பார்க்கிறாள். காதல் அங்கே பிறக்கிறது.

அந்த அங்கிள் வசந்தன்தான். ஒளிந்துகொண்டது அவன் மகள் லோஷினி, பதினான்கு வருடங்களுக்கு முன்பு; கைலி மட்டும் ரூபினியுடையது. அந்தத் திங்கட்கிழமையை அவன் யாரிடமும் சொன்னதில்லை. வீட்டுக்கு வந்தபோது ஹெல்மெட்டின் உள்துணி ஈரமாக இருந்தது. மழை என்று சொன்னான். ஜொகூரில் அன்று சொட்டு மழை இல்லை. ரூபினி ஒன்றும் கேட்காமல் துணியைக் கழற்றி வெயிலில் போட்டாள். அத்தோடு முடிந்தது என்றல்லவா நினைத்திருந்தான்!

"இந்த மாதிரி ஆம்பள நெசமா இருக்கானா?" என்றார் மதிவாணன். "இருந்தா சொல்லுங்க, ஆள நேர்ல பாத்துப் பதிவு பண்ணிட்டு அத்தியாயத்த விட்டுடுவோம். இல்லாட்டி திருத்தம்."

ரூபினி மின்விசிறியைப் பார்த்தாள். வசந்தனைப் பார்க்கவே இல்லை. அவன் சொல்லட்டும் என்று விட்டிருந்தாள்.

வசந்தனின் கண்முன் கோயில் கமிட்டி வந்தது. கிடங்கு நண்பர்கள் வந்தார்கள். மோட்டார் நிறுத்துமிடத்தில் "என்னா மச்சான், இன்னைக்கு உள்ள மழையா வெளிய மழையா?" என்று கேட்கப்போகும் வாய்களெல்லாம் வரிசையாக வந்தன.

"கற்பனைதானே," என்றான். "என்னா ரூபி?"

"ஆமா," என்றாள் அவள். "கற்பனை." எழுந்து காலித் தட்டை எடுத்துக்கொண்டு போனாள். தட்டைக் கழுவும் சத்தம் வெகுநேரம் கேட்டது.

ஆனாலும் பேரவை அவசரப்படவில்லை. நியாயமான அமைப்பு அல்லவா! ஏர்கோன் வேனில் பாலத்துக்கே போய்க் கள ஆய்வு செய்தது. காலைப் பசியாறிவிட்டு, மோட்டார்க்காரர்கள் எல்லாம் சிங்கப்பூரில் பாதி வேலையை முடித்திருந்த நேரத்தில் போனது. 'பாலத்தில் எவரும் அழவில்லை. கடல் அமைதியாக இருந்தது' என்று அறிக்கை வந்தது.

அதன்பிறகு ஐயாசாமியே ஒன்பதாம் அத்தியாயத்தைத் திருத்தி எழுதினார். அதில் கதாநாயகன் ஜாமின் நடுவே ஹெல்மெட்டைக் கழற்றி எறிந்து, கடலைப் பார்த்து, சோழர் கப்பற்படையைப் பற்றி ஒன்றரைப் பக்கம் முழங்குகிறான். ஹாரன்கள் வெட்கி அடங்குகின்றன. காதுமெஷின் இல்லாமலேயே தேன்மொழிக்கு அது கேட்டுவிடுகிறது.

"பாலத்துல ஹெல்மெட்டக் கழட்டுனா சம்மன் வரும் சார்," என்றான் வசந்தன்.

"இலக்கியத்துக்கு சம்மன் கிடையாது," என்றார் ஐயாசாமி.

புத்தகமோ அச்சாகிவிட்டது. அதனால் புதிய அத்தியாயத்தைத் தனித்தாளில் அச்சடித்துப் பழைய பக்கங்களின் மேல் ஒட்டுவது என்று தீர்மானம். ஒட்டும் பொறுப்பு நூலாசிரியருக்கு. ரூபினி ஒப்புக்கொண்டாள். அந்த 'எழுத்தாளர்' என்ற ஒற்றைச் சொல்லுக்காகத்தான் ஒப்புக்கொண்டாள் என்பது வசந்தனுக்குத் தெரியும்.

ஒட்டுவதற்குத் தொழிற்சாலைப் பெண்கள் வந்தார்கள். அவர்களில் மூத்தவள் செல்லம். வாய் நீளம். நடுவில் உட்கார்ந்து அவள் ஒட்டுவதை வசந்தன் பார்த்தான். மூலையில் மட்டும் ஒரு பொட்டுப் பசை வைத்துத் தாளை அமுக்கினாள்.

"அக்கா, இது பிஞ்சிக்கும் போல இருக்கே?"

"பிஞ்சிக்கட்டுமே தம்பி. எங்கள ஒட்டத்தான் சொன்னாங்க. எவ்ளோ ஒட்டணும்னு தீர்மானத்துல இல்ல."

வசந்தன் பக்கத்தில் குந்தினான். "ஏன்கா, இந்தக் கதையில அப்படி என்னாதான் இருக்கு? எல்லாரும் விழுந்து விழுந்து படிக்கிறீங்க?"

செல்லம் பசை விரலைத் துடைத்துக்கொண்டாள். "அழகான ஆம்பள, பணக்கார ஆம்பள, பத்து பேர அடிக்கிற ஆம்பள, அவன் எல்லாக் கதையிலயும் இருக்கான் தம்பி. எனக்குப் பயமா இருக்கு, நீ என் பக்கத்துல இருன்னு சொல்ற ஆம்பள இவ எழுத்துலதான் வர்றான். எங்க வீட்டுல முப்பது வருஷமா ஒரு மனுசன் இருந்தாரு. கல்லு மாதிரி இருந்தாரு. செத்தப்புறம்தான் தெரிஞ்சது, வேலை போயி ஒரு மாசம் எனக்குத் தெரியாம பஸ் ஸ்டாப்புல போயி உட்கார்ந்திருந்தாருன்னு. எங்கிட்டச் சொல்லியிருந்தா நானும் கூட உட்கார்ந்திருப்பேன்ல?" சொல்லிவிட்டு அடுத்த புத்தகத்தை எடுத்தாள்.

மறுநாள் சாப்பாட்டு நேரத்தில், ஃபோர்க்லிஃப்டில் உட்கார்ந்தபடி, வசந்தன் நாவலை முதல் பக்கத்திலிருந்து படித்தான். ஒன்பதாம் அத்தியாயத்தில் அந்த மூலையை நகத்தால் நெம்பினான். தாள் சமர்த்தாக வந்துவிட்டது. அடியில் ஒரு வரி இருந்தது: 'அவன் அழுததை அவள் யாரிடமும் சொல்லவில்லை, அவனிடம்கூட.' அலமாக்! கிடங்கில் தலைகவிழ்ந்து உட்கார்ந்துவிட்டான். இத்தனை வருடம் தன்னை ஒருத்தி இவ்வளவு கூர்ந்து பார்த்து, ஒரு கேள்வி கேட்காமல், உள்துணியை வெயிலில் காயப்போட்டு வைத்திருந்தாளே என்று நெஞ்சு விம்மியது. கூடவே வெட்கமும் வந்தது. அவ்வளவு செய்தவளை 'கற்பனை' என்று சொல்ல வைத்துவிட்டான்.

வெளியீட்டு விழா கூலாய் மண்டபத்தில் நடந்தது. பின் வரிசைகளில் தொழிற்சாலைப் பெண்கள், அவர்கள் இழுத்து வந்த கணவன்மார்கள். முன் வரிசைகளில் கழுத்துகள். மேடையின் ஓரத்து நாற்காலியில் ரூபினி, பட்டுச்சேலையில். மதிவாணன் மைக்கைப் பிடித்து, "நூலாசிரியை திருமதி வசந்தன் அவர்களே!" என்றார்.

ரூபினியின் முகம் அப்படியே நின்றது. லோஷினி அப்பாவின் காதில், "ப்பா, அம்மா பேரையே சொல்லலயே," என்றாள். பதினாறு வயதுப் பெண்ணுக்கு வரும் கோபம் அவள் குரலில் இருந்தது.

அடுத்து பொன்னாடைகள் கிளம்பின. ரெங்கம் கிளைத் தலைவர், அவருடைய மைத்துனர், மண்டபத்துக்கு வழிதவறி வந்த ஒருவர், எல்லோருக்கும் விழுந்தது. ஆனால் அன்று வரலாறு காணாத ஒரு துரோகம் நடந்தது. லாபிஸ் கிளைத் தலைவர் திரைக்குப் பின்னால் போகாமல், பொன்னாடையோடு நேராகக் காருக்குப் போய்விட்டார். அவர் போனதைப் பார்த்து இன்னும் சிலரும் நடையைக் கட்டினார்கள். தட்டு காலியாகிக்கொண்டே வந்தது. "நூலாசிரியையின் கணவர்!" என்று மதிவாணன் அழைத்தபோது உள்ளேயிருந்த தொண்டர் தட்டைத் தடவி, கைக்குக் கிடைத்ததை எடுத்துக்கொண்டு ஓடிவந்தார். ஊதா நிறம், தங்கச் சரிகை. வசந்தன் தோளில் விழுந்தது. வழக்கம் தெரியாத அவன் அதோடு தன் நாற்காலிக்கே திரும்பிவிட்டான்.

"இப்பொழுது செந்தமிழ்ச் சிம்மம், தென்முனையின் தூண், தமிழின் தடுப்புச் சுவர்…"

ஐயாசாமி எழுந்தார். வழக்கம்போலக் கண்ணை மூடினார், கழுத்தை நீட்டிக் குனிந்தார். மண்டபம் கைதட்டியது. கைதட்டல் ஓய்ந்தது. கழுத்து குனிந்தபடியே இருந்தது. ஒன்றும் விழவில்லை. ஒரு கண்ணை மட்டும் திறந்து பார்த்தார். தன்னுடைய ஊதா ஒரு ஃபோர்க்லிஃப்ட்காரன் தோளில் கிடப்பது தெரிந்தது.

சிங்கத்தின் உதடு துடித்தது. கன்னத்தில் வழிந்தது. இரண்டு கண்ணிலும்தான்.

மதிவாணன் மைக்கை நோக்கிப் பாய்ந்தார். "தலைவர் தாய்மொழிக்காகக் கண்ணீர் வடிக்கிறார்! நெறிமுறை, விதி இரண்டு!"

"இல்லய்யா," என்றார் ஐயாசாமி. மைக் திறந்தே இருந்தது. "பொன்னாடைக்குத்தான்யா. வீட்டுல எங்கிட்ட யாரும் பேசுறதில்ல. சம்சாரம் போனப்புறம் எவனும் கிட்டயே வர்றதில்ல. இங்கதான்யா, வருஷத்துக்கு ரெண்டு தடவ, ஒருத்தன் வந்து என் தோளத் தொடுவான்."

முன் வரிசைக் கழுத்துகள் எல்லாம் தரையைப் பார்த்தன.

வசந்தன் தான் எழுந்ததை அறியவில்லை. மேடையேறி, ஊதாவைக் கழற்றி, அந்தத் தோளில் போர்த்தினான். கையை எடுக்காமல் அங்கேயே வைத்திருந்தான்.

"அழுங்க தலைவரே, பரவால்ல லா. நானும் அழுதிருக்கேன். பாலத்துல, ஹெல்மெட்டுக்குள்ள."

சொன்ன பிறகுதான் மைக் நினைவுக்கு வந்தது. இனி என்ன, நனைந்தவனுக்குக் குளிர் ஏது! திரும்பி மண்டபத்தைப் பார்த்தான். "ஒன்பதாவது அத்தியாயம் கற்பனை இல்லங்க. நான்தான் அது. என் மக என்ன அங்கிள்னு சொல்லிச்சு. அத எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்காம, பத்திரமா வெச்சிருந்து எழுதினவங்க இங்க இருக்காங்க. அவங்களச் சரியா கூப்பிடல." அவன் குரல் உடைந்தது; உடைந்தபடியே சொன்னான். "எழுத்தாளர் ரூபினி பேசுவாங்க."

பின் வரிசையில் ஒரு தடித்த மனிதர் எழுந்தார். "நானும்தான்ணே! என் ஹெல்மெட்டுக்குக் கண்ணாடி மூடாது. அதான் காத்துல தூசின்னு சொல்லிக்குவேன்!" அவர் மனைவி வாயைப் பிளந்து அவரைப் பார்த்தாள். பிறகு சேலையை இழுத்துப் பிடித்து உட்கார வைத்து, கையைப் பிடித்துக்கொண்டாள்.

அப்போதுதான் அந்தச் சத்தம் கேட்டது. செல்லம் ஆரம்பித்திருப்பாள். சர்ரென்று ஒரு தாள் பிய்ந்தது. அடுத்து இன்னொன்று. அப்புறம் மண்டபம் முழுக்க, வரிசை வரிசையாக, சர்ர், சர்ர் என்று சோழர் கப்பற்படை பிய்ந்து பிய்ந்து தரையில் விழுந்தது. மேடையில் ஐயாசாமி தம்முடைய பிரதியில் தாம் எழுதிய தாளைத் தாமே நெம்பி எடுத்தார். பொன்னாடை முனையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அடியில் இருந்ததைப் படித்தார்.

"ஏம்மா," என்றார், மைக்கை மறந்து. "இந்தப் பஸ்காரப் பொண்ணு இறங்கி வருவாளா, மாட்டாளா?"

"பத்தாவது அத்தியாயத்துல வருவா தலைவரே," என்றாள் ரூபினி, மைக்குக்கு நடந்து வந்தபடி.

புத்தகத்தைத் திறந்தாள். ஒன்பதாம் அத்தியாயத்தின் முதல் வரியைப் படித்தாள். இரண்டாவது வரியில் நின்றுவிட்டாள். மூக்கை உறிஞ்சினாள்.

"மன்னிச்சிடுங்க," என்றாள். "சளி."

மண்டபம் வெடித்துச் சிரித்தது.

பேரவை அடுத்த கூட்டத்திலேயே நெறிமுறையைத் திருத்தியது. தமிழன் இனி எதற்கும் அழலாம். ஆனால் அழுகிற நேரத்தில் அருகில் ஓர் ஆள் இருக்க வேண்டும், அவர் தோளில் கை வைக்க வேண்டும். பேரவை போட்ட விதிகளில் உருப்படியானது இது ஒன்றுதான். லாபிஸ் கிளைத் தலைவர் பொன்னாடையை இன்னும் திருப்பித் தரவில்லை.

விழாவை அடுத்து வந்த திங்கட்கிழமை விடியுமுன் வசந்தன் மோட்டாரை வெளியே தள்ளினான். கேட்டருகே லோஷினி நின்றிருந்தாள், தலைகலைந்து, பாதித் தூக்கத்தில். "போயிட்டு வாங்க அங்கிள்," என்றாள். அவன் சிரித்தான். அவளும் சிரித்தாள், சிரித்துக்கொண்டே அவன் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

பாலத்து ஜாமில் பக்கத்து மோட்டார்க்காரன் அவன் ஹெல்மெட்டைத் தட்டினான். முன்பின் தெரியாத முகம். விழாக் கதை அதற்குள் பாலம்வரை வந்திருந்தது. கண்ணாடிக்குள் வசந்தனின் முகம் நனைந்திருப்பதைப் பார்த்துவிட்டான் போல.

"என்னாண்ணே, ஒன்பதாவது அத்தியாயமா?"

வசந்தன் கண்ணாடியைத் தூக்கிவிட்டான்.

"இல்ல தம்பி," என்றான். "பத்து."